மொபைல் கேமுக்குக் கண்ட்ரோலர்: ரங்கூன் வெயிலிலும் கரண்ட் கட்டிலும் எது தாங்கும்?

மொபைல் லெஜண்ட்ஸ் என்ற ஃபோன் ஆட்டத்தைத் தவிர வேறெதுவும் ஆடாதவர் கண்ட்ரோலருக்கு, அதாவது ஃபோனோடு சேர்த்து ஆடும், பட்டனும் கட்டைவிரலால் திருப்பும் ஸ்டிக்கும் உள்ள கைக்கருவிக்கு, காசு போட வேண்டாம். இதை முதலிலேயே சொல்லிவிட வேண்டியிருக்கிறது. பர்மாவில் நாலு பையன்கள் டீக்கடையில் ஃபோனைக் கிடையாகப் பிடித்துக் குனிந்திருந்தால் பெரும்பாலும் அந்த ஆட்டம்தான். 2021 ஜனவரியில் சிங்கப்பூரில் நடந்த எம்2 உலகப் போட்டியில் நம் ஊர் பர்மீஸ் கூல்ஸ் அணி இறுதி ஆட்டம் வரை போய், பிலிப்பைன்ஸின் பிரென் அணியிடம் 4-3 என்று தோற்றதை இன்னும் ஆற்றாமையோடு பேசுகிறவர்கள் இருக்கிறார்கள். அத்தனை பேர் ஆடும் அந்த ஆட்டம் கண்ட்ரோலரை ஏற்பதில்லை.

ஆட்டத்தின் அமைப்பே அப்படி. ஸ்கில் பட்டன் மேல் கட்டைவிரலை வைத்து, எந்தப் பக்கம் வீச வேண்டுமோ அந்தப் பக்கம் இழுத்து விட வேண்டும். நினைப்பு மாறினால் திரையில் தோன்றும் ரத்துக் குறிவரை இழுத்துப் போய் விட வேண்டும். பழகிய கட்டைவிரலுக்கு இது கண் இமைக்கும் நேர வேலை. மேப்பர் ஆப் (பட்டன் அழுத்தத்தைத் திரைத் தொடுதலாக மாற்றும் ஆப்) போட்டுக் கண்ட்ரோலரில் கொண்டு வந்தால், ஒரு பட்டனை அழுத்திப் பிடித்தபடி வலது ஸ்டிக்கைத் திருப்பி, பிறகு பட்டனை விட வேண்டும். வலது கட்டைவிரல் ஒன்றுதான்; அது பட்டனில் இருக்குமா, ஸ்டிக்கில் இருக்குமா? ஸ்கில்லை மேல்விளிம்பில் சுட்டுவிரலுக்குக் கிடைக்கும் எல்1, ஆர்1 பட்டன்களுக்கு மாற்றினாலும் நடுவில் கடையில் பொருள் வாங்க, எதிரியைக் குறிவைக்க என்று விரல் மறுபடி திரைக்கே போகும். கையில் கண்ட்ரோலரோடு திரையைத் தொடுவது வெறும் கையால் ஆடுவதைவிட மெதுவான வேலை.

கண்ட்ரோலர் உண்மையிலேயே பயன் தருவது வேறு ஆட்டங்களில். பிபிஎஸ்எஸ்பிபி என்ற ஆப்பில் ஆடும் பிஎஸ்பி (சோனியின் பழைய கையடக்கக் கேம் கருவி) விளையாட்டுகள் முதலிடம். அவை பட்டனுக்காகவே செய்யப்பட்டவை. திரையில் வரைந்த பட்டனால் அவற்றை ஆடுவது பாதி ஆட்டம்தான். அடுத்து கால் ஆஃப் டியூட்டி மொபைல்: 2019 அக்டோபரில் வந்த ஆட்டம், அடுத்த மாதமே கண்ட்ரோலரை ஏற்றுக்கொண்டது. கண்ட்ரோலரோடு போனால் கண்ட்ரோலர்க்காரர்களோடுதான் மல்டிபிளேயரில் சேர்த்துவிடுவார்கள், அதனால் நியாயமும் கெடுவதில்லை. மைன்கிராஃப்ட், ஸ்டார்டூ வேலி, டெட் செல்ஸ், ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ், அஸ்பால்ட் கார் பந்தயங்கள் எல்லாம் செருகியவுடன் வேலை செய்யும். பப்ஜி மொபைல் இந்தக் கூட்டத்தில் இல்லை. அதைப் பின்னால் தனியாகப் பார்ப்போம்.

இந்த ஊருக்கு ஏற்றது என்று பட்டது பேட்டரி இல்லாத, டைப்-சி முனையில் நேராகச் செருகும் இழுவை வகை. அதாவது இரண்டு கைப்பிடி, நடுவில் நீளும் பாலம், அதில் ஃபோனைக் கிடையாக மாட்டுவது. இந்த வகையில் கேம்சர் ஜி8 கலிலியோவை எடுத்துக்கொள்வோம். 2023 கடைசியில் வந்தது. பாலம் 110 மி.மீ. முதல் 185 மி.மீ. வரை நீளும். இங்கே அதிகம் கையில் இருக்கும் 6.7 அங்குல ரெட்மி, விவோ, ஓப்போ ஃபோன்கள் 160-லிருந்து 170 மி.மீ. நீளத்துக்குள் அடங்கிவிடும் என்பதால் நீளத்தில் பிரச்சினை வராது. கைப்பிடி முழு அளவு. எக்ஸ்பாக்ஸ் கண்ட்ரோலரை நடுவில் பிளந்து ஃபோனைச் சொருகிய மாதிரி. எடை 253 கிராம். ஃபோன் எடையும் சேர்ந்தால் அரைக் கிலோவை நெருங்கும், ஆனால் பாரம் இரண்டு உள்ளங்கையிலும் சமமாக உட்காருவதால் மணிக்கட்டு நோகாது.

இதில் காசு பெறும் பகுதி ஸ்டிக். சாதாரணக் கண்ட்ரோலரில் ஸ்டிக்குக்கு அடியில் கரிப் பூச்சுத் தடம் ஒன்று இருக்கும், அதன் மேல் சிறிய உலோக நாக்கு உரசிக்கொண்டே ஓடும். தடம் தேய்ந்தாலோ, தூசி ஏறினாலோ ஸ்டிக்கைத் தொடாமலே ஆள் தானாக நடப்பான். இதைத்தான் டிரிஃப்ட் என்கிறார்கள். ஜி8-இல் ஹால் எஃபெக்ட் ஸ்டிக்: காந்தம் அசைவதைச் சென்சார் உணர்கிறது, உரசல் இல்லை, தேயும் தடமும் இல்லை. எல்1, ஆர்1-க்குக் கீழே இருக்கும் எல்2, ஆர்2 ட்ரிக்கர்களும் அதே முறைதான். கார் பந்தயத்தில் ஆர்2-வைப் பாதி அழுத்தினால் கார் பாதி வேகத்தில் போகும். மலிவுக் கண்ட்ரோலர் பலவற்றில் ட்ரிக்கர் வெறும் ஆன்-ஆஃப் சுவிட்ச், அழுத்தினால் முழு வேகம், விட்டால் பூஜ்யம்.

இதில் 3.5 மி.மீ. இயர்ஃபோன் துளை இருக்கிறது. சின்ன விஷயம் மாதிரித் தெரியும், ஆனால் இப்போது வரும் ஃபோன்கள் பலவற்றில் அந்தத் துளையே இல்லை. புளூடூத் இயர்பட்ஸ் போட்டால் சத்தம் 150 முதல் 300 மில்லி விநாடி பிந்தி வரும். கால் ஆஃப் டியூட்டியில் காலடிச் சத்தம் கேட்பதற்குள் ஆள் முதுகுக்குப் பின்னால் வந்துவிட்டிருப்பான். வயர் இயர்ஃபோனில் இந்தத் தொல்லை இல்லை. பின்பக்கம் இரண்டு கூடுதல் பட்டன்கள் உண்டு. அதிர்வு கிடையாது, அது வேண்டுமென்றால் இதே வரிசையில் பேட்டரியோடு வரும் ஜி8 பிளஸ் பக்கம் போக வேண்டும். இன்னொரு குறை, இது மடங்கிச் சட்டைப் பையில் போகிற சாமான் இல்லை. பஸ்ஸில் எடுத்துப்போகப் பை வேண்டும்.

பேட்டரி இல்லாததை ஏன் இவ்வளவு தூக்கிப் பேச வேண்டும்? கரண்ட் முறை வைத்து வரும் ஊரில், வந்த நேரத்தில் சார்ஜ் ஏற்ற வேண்டிய வரிசை ஏற்கெனவே நீளம்: ஃபோன், பவர் பேங்க், எமர்ஜென்சி லைட், சார்ஜ் ஃபேன். அந்த வரிசையில் இன்னொரு பேட்டரி சேர்ந்தால் அதைத்தான் முதலில் மறப்போம். டைப்-சி கண்ட்ரோலர் ஃபோனிலிருந்து இழுக்கும் கரண்ட் மிகச் சொற்பம். திரையும் சிப்பும் தின்பதற்கு முன்னால் கணக்கிலேயே வராது. 5,000 எம்ஏஎச் ஃபோனில் ஏறக்குறைய 19 வாட்-மணி இருக்கும். கனமான ஆட்டம் 4 முதல் 5 வாட் தின்றால் நாலு மணி நேரம். வெளிச்சத்தைக் குறைத்து பிபிஎஸ்எஸ்பிபி மட்டும் ஆடினால் இன்னும் நீளும். 10,000 எம்ஏஎச் பவர் பேங்க் இருந்தால், மாற்றத்தில் போகும் இழப்பைக் கழித்து ஒன்றரை முறை ஃபோனை நிரப்பலாம் என்று கணக்கு வையுங்கள், இரண்டு முறை என்று வைக்காதீர்கள்.

செருகியதும் எதுவும் நடக்கவில்லை என்று கடைக்குத் திருப்பி எடுத்துப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. ஓப்போ, ரியல்மீ ஃபோன்களில் ஓடிஜி என்று ஒரு சுவிட்ச் செட்டிங்ஸில் இருக்கும். அது ஆஃபில் இருந்தால் டைப்-சி முனை சார்ஜ் வாங்குமே தவிர வெளிச் சாமானுக்குக் கரண்ட் கொடுக்காது. கண்ட்ரோலர் செத்தது போலத்தான் கிடக்கும். செட்டிங்ஸின் மேலே தேடல் பெட்டியில் ஓடிஜி என்று தட்டினால் வந்துவிடும், ஆன் செய்யுங்கள். பத்து நிமிடம் எதுவும் செருகாமல் விட்டால் அது தானாக அணைந்துவிடும் என்பதால், நேற்று வேலை செய்தது இன்று செய்யவில்லை என்றாலும் முதலில் பார்க்க வேண்டிய இடம் அதுதான். விவோவிலும் ஓடிஜி சுவிட்ச் உண்டு. ரெட்மியில் பெரும்பாலும் இந்தச் சிக்கல் வராது.

அடுத்த காரணம் ஃபோன் கவர். கண்ட்ரோலரின் டைப்-சி முனை ஓரளவு நீளம்தான். கவரின் அடிப்பக்கம் தடிப்பாக இருந்தால் முனை கடைசி ஒரு மில்லிமீட்டர் உள்ளே போகாமல் நிற்கும். பார்க்கச் செருகிய மாதிரி இருக்கும், இணைப்பும் வரும், ஆட்டம் சூடுபிடித்துக் கையை ஆட்டும்போது அறுந்துவிடும். சோதிக்க எளிய வழி: மாட்டிய பின் விளக்கொளியில் பக்கவாட்டில் பாருங்கள். ஃபோனின் அடிவிளிம்புக்கும் கண்ட்ரோலர் ரப்பருக்கும் நடுவில் வெளிச்சக் கோடு தெரிந்தால் கவரைக் கழற்றுங்கள். கேமரா மேடு பெரிதாக இருக்கும் ஃபோனில் முதுகு பாலத்தில் படியாமல் சாய்ந்து நிற்கும். முனையில் சாய்வுப் பாரம் விழுந்து நாளடைவில் ஃபோனின் சார்ஜ் துளை லூசாகும். அதற்காகத்தான் ஜி8-இல் முனை கொஞ்சம் அசைந்துகொடுக்கும்படி வைத்திருக்கிறார்கள். மாட்டும்போது முனையை முழுதாகச் செருகிய பிறகே மறுபக்கத்தை இழுத்து ஃபோன் தலையை உள்ளே விட வேண்டும். கழற்றும்போது தலைப்பக்கம் முதலில், முனை கடைசியில். அவசரத்தில் நெம்பிக் கழற்றினால் கெடுவது கண்ட்ரோலர் அல்ல, ஃபோன்.

ஃபோனின் அடி ஸ்பீக்கர் கைப்பிடிக்குள் மறைந்து சத்தம் அமுங்கும் என்பதையும் சொல்ல வேண்டும். பல ஃபோன்களில் மைக்கும் அங்கேதான் இருக்கும், கூட்டாளிகளோடு பேசி ஆடுகிறவர்களுக்கு இது தொந்தரவு.

இனி சூடு. ஏப்ரல் வெயிலில், ஃபேனும் நின்ற பின், ஃபோன் கையில் பொசுங்குவதற்கு ஆட்டம் மட்டும் காரணமல்ல. ஆடிக்கொண்டே சார்ஜ் போடுவதுதான் பெரிய காரணம். ஜி8 மாதிரிக் கண்ட்ரோலரில் கீழே ஒரு சார்ஜ் துளை இருக்கும், அதில் செருகினால் கண்ட்ரோலர் வழியாக ஃபோனுக்குக் கரண்ட் போகும். ஆனால் 67 வாட் சார்ஜர் போட்டாலும் அந்த வேகம் வராது. ஃபோனும் சார்ஜரும் தங்களுக்குள் பேசிக்கொள்ளும் வேகச் சார்ஜ் மொழியைக் கண்ட்ரோலர் கடத்துவதில்லை. இதைக் குறையாகச் சொல்வார்கள். இந்த ஊர் வெயிலுக்கு மெதுவாக ஏறுவதே நல்லது. ஃபோன் சூடு மிஞ்சினால் சிப் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும். விநாடிக்கு 60 ஃபிரேமில் ஓடிய ஆட்டம் 40-க்கு இறங்கும், பிறகு கண்ட்ரோலர் பட்டன் பிந்துகிறது என்று கண்ட்ரோலரைத் திட்டுவோம். பட்டன் பிந்துகிறதா, படம் பிந்துகிறதா என்று பிரித்தறிய, அதே ஆட்டத்தின் மெனுவிலோ லேசான வேறொரு ஆட்டத்திலோ அழுத்திப் பாருங்கள். அங்கே சரியாக இருந்தால் குற்றவாளி சூடுதான்.

சாம்சங் எஸ்23 முதலான ஃபோன்களில் ஆட்டத்தின்போது கரண்டைப் பேட்டரிக்கு ஏற்றாமல் நேராகப் ஃபோனுக்குக் கொடுக்கும் வசதி கேம் பூஸ்டரில் இருக்கிறது. அதற்கு 25 வாட் பிடி (பவர் டெலிவரி) சார்ஜர் வேண்டும், பேட்டரியிலும் 20 சதவீதத்துக்கு மேல் இருக்க வேண்டும். சார்ஜரை ஃபோனிலேயே செருகினால்தான் இது ஒழுங்காக வரும். கண்ட்ரோலர் வழியாகப் போகும் கரண்டில் எதிர்பார்க்க வேண்டாம். அந்த ஃபோன் வைத்திருப்பவர்களுக்கு புளூடூத் கண்ட்ரோலரும், அதன் தலையில் ஃபோனைப் பிடித்து நிறுத்தும் கிளிப்பும்தான் பொருத்தம்.

கிளிப் வகை என்றால் எக்ஸ்பாக்ஸ் வயர்லெஸ் கண்ட்ரோலரைச் சொல்வோம், காரணம் மறுபடி கரண்ட்தான். அதற்குள் இரண்டு டபுள்-ஏ செல். சுவர்க்கடிகாரத்துக்குப் போடும் அதே செல். தீர்ந்தால் முக்குக் கடையில் வாங்கிப் போட்டு ஆட்டத்தைத் தொடரலாம், கரண்ட் வரும்வரை காத்திருக்க வேண்டாம். ஒரு ஜோடியில் 40 மணி நேரம் வரை என்பது கம்பெனிக் கணக்கு. பழையது வாங்கினால் ஒன்றைக் கவனியுங்கள்: 2016-க்கு முந்தைய எக்ஸ்பாக்ஸ் ஒன் கண்ட்ரோலரில் புளூடூத் இல்லை, ஃபோனோடு சேராது. அடையாளம், நடுவில் இருக்கும் எக்ஸ்பாக்ஸ் பட்டனைச் சுற்றியுள்ள பிளாஸ்டிக். அது மேலே எல்பி, ஆர்பி பட்டன்களோடு ஒரே துண்டாகப் பளபளவென்று இருந்தால் புளூடூத் இல்லாதது. முகப்புத் தகட்டோடு ஒரே துண்டாக இருந்தால் புளூடூத் உள்ளது.

சேர்க்கும் முறை எளிது. எக்ஸ்பாக்ஸில் மேல்விளிம்பில் எல்பி பக்கத்திலிருக்கும் சின்னப் பட்டனை மூன்று விநாடி அழுத்தினால் நடுவிளக்கு வேகமாகச் சிமிட்டும், ஃபோனின் புளூடூத் பட்டியலில் பெயர் வரும், தொட்டால் முடிந்தது. பிளேஸ்டேஷன் டூயல்ஷாக் 4 என்றால் ஷேர் பட்டனையும் பிஎஸ் பட்டனையும் சேர்த்து, விளக்கு இரட்டையாகச் சிமிட்டும்வரை பிடிக்க வேண்டும். அதற்கு அடுத்து வந்த டூயல்சென்ஸில் ஷேர் இருந்த இடத்தில் கிரியேட். டூயல்ஷாக்குக்கு ஆண்ட்ராய்டு 10, டூயல்சென்ஸுக்கு 12 என்று சோனி சொல்கிறது. ஐஃபோன் என்றால் 2019-இன் ஐஓஎஸ் 13 முதல் டூயல்ஷாக், எக்ஸ்பாக்ஸ் இரண்டும் சேரும். டூயல்சென்ஸுக்கு ஐஓஎஸ் 14.5. 8பிட்டூ எஸ்என்30 புரோ போன்றவற்றில் எந்தப் பட்டனோடு ஆன் செய்கிறோம் என்பது முக்கியம்: ஸ்டார்ட்டும் பி-யும் சேர்த்து அழுத்தினால் ஆண்ட்ராய்டு முறை, ஸ்டார்ட்டும் ஒய்-யும் என்றால் ஸ்விட்ச் முறை. ஏ அழுத்தினால் பி-யாக வேலை செய்கிறது, ட்ரிக்கர் அசையவே இல்லை என்றெல்லாம் குழம்பினால் கண்ட்ரோலர் கெடவில்லை, தவறான முறையில் ஆனாகியிருக்கிறது. ஃபோனின் புளூடூத் பட்டியலிலிருந்து பெயரை நீக்கிவிட்டு சரியான முறையில் மறுபடி சேர்க்க வேண்டும்.

கண்ட்ரோலர், இயர்பட்ஸ், 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபை மூன்றும் ஒரே அலைவரிசையில் முட்டிக்கொள்ளும். பட்டன் விட்டுவிட்டு வேலை செய்தால் வைஃபையை 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாற்றிப் பாருங்கள், இயர்பட்ஸைக் கழற்றி வைத்துப் பாருங்கள்.

கிளிப்பில் இரண்டு தொல்லை. 287 கிராம் கண்ட்ரோலரின் தலையில் 200 கிராமுக்கு மேல் ஃபோனைத் தூக்கி நிறுத்துவதால் பாரம் முன்னால் சாயும், கட்டைவிரல் அடிப்பகுதி நோக ஆரம்பிக்கும். ஃபோனை முடிந்தவரை பின்னால் சாய்த்து, கண்ட்ரோலரின் நடுவுக்கு நேராகக் கொண்டு வர வேண்டும். இரண்டு மூட்டு உள்ள கிளிப்பில்தான் அது முடியும். மற்றது, கிளிப்பின் தாடை ஃபோனின் நீள விளிம்பைக் கவ்வும் இடத்தில்தான் பவர் பட்டனும் வால்யூம் பட்டனும் இருக்கின்றன. நடுவில் மாட்டினால் வால்யூம் தானே ஏறும், அல்லது திரை அணையும். ஒரு இஞ்ச் தள்ளி மாட்டுங்கள்.

பப்ஜி மொபைலுக்கு வருவோம். அதிகாரபூர்வமாகக் கண்ட்ரோலர் வசதி இல்லை. மேப்பர் ஆப் இருக்கிறதே என்பார்கள். அது கண்ட்ரோலர் பட்டனைத் திரைத் தொடுதலாக மாற்றிக் கொடுக்கும் ஆப். மான்டிஸ், பாண்டா, ஆக்டோபஸ் எல்லாம் இந்த வகை. மான்டிஸை இயக்க டெவலப்பர் ஆப்ஷன்ஸைத் திறந்து, ஆண்ட்ராய்டு 11 முதல் வயர்லெஸ் டீபக்கிங் வழியாக அனுமதி கொடுக்க வேண்டும். ஃபோனை அணைத்துப் போட்டால் அந்த அனுமதி போய்விடும், மறுபடி முதலிலிருந்து. ஷாவ்மி, ரெட்மி ஃபோனில் "யூஎஸ்பி டீபக்கிங் (செக்யூரிட்டி செட்டிங்ஸ்)" என்று இன்னொரு சுவிட்சும் ஆனாக வேண்டும். அதை ஆன் செய்ய மி கணக்கில் உள்ளே போயிருக்க வேண்டும், சிம்மும் ஃபோனில் இருக்க வேண்டும். இது தெரியாமல் ஆப் வேலை செய்யவில்லை என்று கைவிட்டவர்கள் ஏராளம். ஆக்டோபஸ் ஆட்டத்தை நகலெடுத்துத் தனக்குள் ஓட்டும் முறை கொண்டது, அதனால் கணக்கு முடக்கப்படும் அபாயம் கூடுதல். எந்த மேப்பரும் பப்ஜியில் பாதுகாப்பானதல்ல. வருடக்கணக்கில் ஸ்கின் (ஆளுக்கும் துப்பாக்கிக்கும் போடும் அலங்காரம்) சேர்த்த கணக்கை அதற்காகப் பணயம் வைக்கக் கூடாது.

பப்ஜிக்கு நாங்கள் சொல்வது ஃபோனின் மேல் விளிம்பில் மாட்டும் எல்1-ஆர்1 ட்ரிக்கர். உலோக நெம்புகோல், நுனியில் கரண்ட் கடத்தும் சின்னப் பட்டை. அழுத்தினால் பட்டை திரையைத் தொடும், ஃபோனுக்கு அது விரல்தான். ஆப் இல்லை, புளூடூத் இல்லை, கண்டுபிடிக்க எதுவும் இல்லை. ஆட்டத்தின் கண்ட்ரோல் செட்டிங்கில் சுடும் பட்டனையும் ஸ்கோப் பட்டனையும் இழுத்துப் பட்டைக்கு நேர் கீழே வைத்தால் போதும். தடித்த டெம்பர்டு கிளாஸ் ஒட்டியிருந்தால் சில அழுத்தம் பதியாது. திரையின் இரு மூலையிலும் விரற்கடை அளவு மறையும், அவ்வளவுதான் விலை.

பிபிஎஸ்எஸ்பிபி-யில் கண்ட்ரோலர் செருகியதும் பெரும்பாலும் தானே பட்டன்களைப் பொருத்திக்கொள்ளும். பொருந்தாவிட்டால் செட்டிங்ஸில் கண்ட்ரோல்ஸ், அதற்குள் கண்ட்ரோல் மேப்பிங் போய் ஒவ்வொன்றாகத் தொட்டு, கண்ட்ரோலரில் உரிய பட்டனை அழுத்துங்கள். திரைப் பட்டன்களை அணைத்துவிடுங்கள், படம் முழுசாகத் தெரியும். நடுத்தர ரெட்மியில் ரெண்டரிங் (படத் துல்லியம்) 2 மடங்கு வைத்தால் படம் தெளிவு, சூடும் கட்டுக்குள். கால் ஆஃப் டியூட்டியில் செட்டிங்ஸுக்குள் கண்ட்ரோலர் பகுதியில் ஆன் செய்ய வேண்டும். மெனுவை விரலால் தொட்டு, ஆட்டத்துக்குள் நுழைந்த பிறகே கண்ட்ரோலர் என்று பழகிக்கொள்ளுங்கள்.

விலையை இங்கே எழுதவில்லை. டாலர் போகிற போக்கில் இன்று எழுதும் சாட் கணக்கு அடுத்த வாரமே தப்பாகிவிடும். அதைவிட முக்கியம், கடையிலேயே சோதித்து வாங்குவது. "அக்கோ, மாட்டிப் பார்க்கலாமா?" என்று கேளுங்கள், விற்கிறவர் மறுத்தால் அடுத்த கடை. உங்கள் ஃபோனில் மாட்டி, குரோமில் கேம்பேட் டெஸ்டர் என்று தேடி ஒரு பக்கத்தைத் திறங்கள். ஸ்டிக்கைத் தொடாமல் விட்டால் எண் பூஜ்யத்தை ஒட்டி, 0.05-க்குள் நிற்க வேண்டும். 0.1-ஐத் தாண்டினால் வேண்டாம். ஸ்டிக்கை ஓரத்தோடு வட்டமாகச் சுற்றுங்கள், எல்லாப் பக்கமும் 1-ஐத் தொட வேண்டும். ஆர்2-வை மெதுவாக அழுத்துங்கள், எண் 0.1, 0.2 என்று ஏறினால் உண்மையான ட்ரிக்கர், 0-விலிருந்து 1-க்குத் தாவினால் வெறும் சுவிட்ச். டி-பேடில் (நாலு திசைப் பட்டன்) மேலே மட்டும் அழுத்தும்போது பக்கமும் சேர்ந்து எரிகிறதா பாருங்கள், சண்டை ஆட்டங்களில் அது உயிரை வாங்கும். டூயல்ஷாக் 4 விற்பனையில் டூப்ளிகேட் அதிகம். ஃபோனோடு சேரும், ஆனால் ஸ்டிக் எண்கள் குதிக்கும். இந்தச் சோதனையிலேயே பிடிபடும்.

பராமரிப்பில் இந்த ஊருக்கென்றே சில உண்டு. தனகா (மரப்பட்டை அரைத்த பூச்சு) பூசிய கன்னத்தைத் துடைத்த கையோடு ஆடினால், காய்ந்த பொடி ஸ்டிக்கின் அடி வளையத்தில் வெளிர்மஞ்சள் கோடாகப் படியும். வியர்வையோடு சேர்ந்து அது பசையாகி, ஸ்டிக் நடுவுக்குத் திரும்பத் தயங்கும். பிளாஸ்டிக் உரசி வரும் வெள்ளைத் தூளும் அங்கேதான் சேரும். அது ஊதினால் பறக்கும், தனகா பறக்காது. ஜி8-இல் முகப்புத் தகடு காந்தத்தில் ஒட்டியிருப்பதால் நகத்தால் தூக்கினால் வந்துவிடும். ஸ்டிக் தொப்பியையும் எடுத்துவிட்டு, 99 சதவீத ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் நனைத்துப் பிழிந்த காட்டன் பட்ஸால் வளையத்தைத் துடைக்கலாம். நனைத்தது சொட்டக் கூடாது. தகடு கழலாத கண்ட்ரோலரில் ஸ்டிக்கை ஒரு பக்கம் சாய்த்துப் பிடித்து, திறந்த இடுக்கில் மட்டும் துடைத்துச் சுற்றி வர வேண்டும்.

லப்பேட் (ஊறவைத்த தேயிலை) தின்ற எண்ணெய்க் கையும், வெற்றிலைக்குத் தடவிய சுண்ணாம்பு விரலும் பட்டன் இடுக்கில் இறங்கினால் பட்டன் அழுந்திய இடத்திலேயே ஒட்டி நிற்கும். கைப்பிடியில் மிருதுவான ரப்பர் பூச்சு உள்ள மாடல்களை மழைக்காலம் ஐந்து மாதம் நீளும் இந்த ஊரில் தவிர்ப்பது நல்லது. ஈரக் காற்றில் அந்தப் பூச்சு மெல்ல மெல்லச் சிதைந்து பிசுபிசுக்கும், எத்தனை துடைத்தாலும் போகாது. சொரசொரப்பு அச்சிட்ட வெறும் பிளாஸ்டிக் கைப்பிடி போதும். செல் போடும் கண்ட்ரோலரில் ஒரு வாரத்துக்கு மேல் ஆடப் போவதில்லை என்றால் செல்லைக் கழற்றி வையுங்கள். கசிந்த செல் ஸ்பிரிங்கைப் பச்சையாக அரித்துவிட்டால் அதன் பிறகு அந்த இடத்தில் கரண்ட் ஓடாது.